அடுப்படியில் விளைந்த பொன்

தங்கம்! இந்த ஒரு சொல் காதில் விழுந்ததும் உழவன் கலப்பையை விட்டான். கொல்லன் உலைக்களத்தை விட்டான். கணக்கன் பேரேட்டை மூடினான். மாலுமி துறைமுகத்திலே கப்பலை விட்டுவிட்டு மலையை நோக்கி ஓடினான். 1848ஆம் ஆண்டு ஜனவரி 24ஆம் நாள், கலிபோர்னியாவில் கொலோமா என்னும் இடத்தில், சட்டர் என்பவருக்காக மரம் அறுக்கும் ஆலை ஒன்றைக் கட்டிக்கொண்டிருந்த ஜேம்ஸ் மார்ஷல், நீரோடும் காலில் மின்னிய சிறு துணுக்கைக் கையில் எடுத்தார். அந்தத் துணுக்கு ஒரு கண்டத்தையே கலக்கிற்று. ஏழே ஆண்டுகளில் ஏறத்தாழ மூன்று இலட்சம் பேர் அந்த மண்ணிலே வந்து குவிந்தனர்.

அந்தக் காலத்தைக் காட்டும் படம் ஒன்று ஏடுகளிலே அடிக்கடி வரும். தாடி மண்டிய முகம், சேறு படிந்த காலணி, கையிலே தட்டு. ஆற்றங்கரையில் குனிந்து மணலை அரித்துக்கொண்டிருக்கிறான் ஆடவன். அவனே வீரன், அவனே தீரன், அவனே புதிய நாட்டைப் படைத்தவன் என்று வரலாறு அவனுக்கு மாலை சூட்டுகிறது. சூட்டட்டும், தடுக்கவில்லை. ஆனால், அந்தப் படத்தைச் சற்றுக் கூர்ந்து பார்த்து, நாம் ஒரு கேள்வி கேட்கிறோம். அவனுக்குச் சமைத்துப் போட்டவர் யார்? அவன் சட்டையைத் துவைத்தவர் யார்? அவன் காய்ச்சலில் கிடந்தபோது கஞ்சி காய்ச்சிக் கொடுத்தவர் யார்?

சின்னஞ்சிறு கேள்விதான். ஆனால் ஆயிரம் ஆண்டு ஆணவத்தின் அடிக்கல்லை அது அசைத்துப் பார்க்கிறது.

தங்கம் தேடி வந்தோரில் மிகப் பெரும்பாலோர் ஆடவர். 1850ஆம் ஆண்டுக் குடிக்கணக்கின்படி கலிபோர்னியாவில் பெண்கள் நூற்றுக்குப் பத்துப் பேர்கூட இல்லை. சுரங்கப் பகுதிகளிலோ அதனினும் மிகக் குறைவு. வந்த பெண்கள் வந்த வழியும் மலர் தூவிய பாதையன்று. மாட்டு வண்டியில் இரண்டாயிரம் மைல், ஐந்து ஆறு திங்கள் பயணம். அல்லது தென்னமெரிக்காவின் முனையைச் சுற்றிக் கடல்வழி. அல்லது பனாமாக் காட்டின் ஊடே காய்ச்சலோடு கைகலப்பு. வண்டியை ஓட்டினர், வழியிலே சமைத்தனர், வழியிலேயே பிள்ளை பெற்றனர், இறந்த பிள்ளையை வழியோரத்தில் புதைத்துவிட்டு மேலும் நடந்தனர். மெல்லியலார் என்று பாடினார்களே, அவர்கள்தான்!

அவர்கள் விட்டுவந்த கிழக்கு மாநிலங்களில் பெண்ணின் நிலை என்ன? இங்கிலாந்திலிருந்து வந்த பழைய சட்டமே பெரும்பாலும் அங்கே ஆட்சி செய்தது. அந்தச் சட்டத்துக்கு 1765இல் விளக்கம் எழுதத் தொடங்கிய பிளாக்ஸ்டன், கணவனும் மனைவியும் சட்டத்தின் கண்ணில் ஒரே ஆள் என்றார். கேட்பதற்கு இனிக்கிறது. ஆனால் அந்த ஒரே ஆள் யார்? கணவன்! மனைவி ஈட்டிய கூலி அவனுடையது. மனைவியின் கையிருப்பு அவனுடையது. மனைவி தன் பெயரில் ஒப்பந்தம் எழுத முடியாது. தந்தைக்கு அடங்கு, கணவனுக்கு அடங்கு, மகனுக்கு அடங்கு என்று வகுத்தானே மனு, அவனும் இவரும் சந்தித்ததில்லை. ஒருவர் நூலை மற்றவர் பார்த்து எழுதவில்லை. ஆயினும் இருவர் எழுதுகோலும் ஒரே திசையில் ஓடின. பெண்ணை அடக்கும் கலையில் கிழக்கென்றும் மேற்கென்றும் பேதமில்லை.

எனவே சமையல் அங்கேயும் தொழில் எனப்படவில்லை, கடமை எனப்பட்டது. துவைத்தல் உழைப்பு எனப்படவில்லை. இல்லறத்தின் இலக்கணம் எனப்பட்டது. விலையில்லாதது என்று சொல்லி விலை கொடுக்காமல் வாங்கிக்கொண்டனர்.

அந்தப் பொய் கலிபோர்னியாவில் ஒரே இரவில் உடைந்தது.

லூசினா வில்சன் என்னும் அம்மையார் கணவரோடும் இரண்டு சிறுவர்களோடும் 1849இல் வண்டியில் வந்து சேக்ரமென்டோவை அடைந்தார். வழக்கம்போல் வெட்டவெளியில் தீ மூட்டி இரவு உணவு சமைத்துக்கொண்டிருந்தார். பெண்ணைக் கண்டு வியந்து நின்ற சுரங்கக்காரன் ஒருவன், அந்த ரொட்டிக்கு ஐந்து டாலர் தருவதாகச் சொன்னான். அம்மையார் திகைத்தார். கிழக்கே ஒரு கூலியாள் நாள் முழுதும் உழைத்தால் பெறுவது ஏறத்தாழ ஒரு டாலர்! அவர் திகைத்து நின்றதைத் தயக்கம் என்று எண்ணிய அவன், பெண் கையால் செய்த ரொட்டிக்குப் பத்து டாலர் தருகிறேன் என்று பொற்காசை நீட்டினான்.

அந்த ரொட்டியில் என்ன புதுமை? மாவு அதே மாவு. தீ அதே தீ. பிசைந்த கை அதே கை. நேற்றுவரை காசு பெறாத கை இன்று பத்து டாலர் பெற்றது. கை மாறவில்லை, இடம் மாறிற்று. இதைவிடத் தெளிவாக எந்தப் பொருளியல் நூல் நமக்குப் பாடம் நடத்த முடியும்?

லூசினாவின் கதை அங்கே முடியவில்லை. சேக்ரமென்டோவில் வெள்ளம் வந்து இருந்ததையெல்லாம் வாரிக்கொண்டு போயிற்று. எழுநூறு டாலர் வண்டிக்கூலியைக் கடன் சொல்லி, நெவாடா சிட்டி என்னும் சுரங்க ஊருக்குக் குடும்பம் போய்ச் சேர்ந்தது. கணவர் வெளியே சென்றிருந்த நேரம். அம்மையார் இரண்டு பலகை வாங்கினார். தம் கையாலேயே முளைகளை வெட்டி நிலத்தில் அறைந்தார். பலகையை அதன்மேல் பரப்பினார். பக்கத்துக் கடையில் பண்டம் வாங்கிச் சமைத்தார். இரவு கணவர் திரும்பி வந்தபோது, பந்த வெளிச்சத்தில் இருபது பேர் உட்கார்ந்து உண்டுகொண்டிருந்தனர். எழுந்து போகும்போது ஒவ்வொருவரும் ஒரு டாலரை அம்மையார் கையில் வைத்துப் போயினர். எல் டொராடோ, அதாவது பொன்னாடு என்று தம் உணவு விடுதிக்குப் பெயரிட்டார். ஆறே வாரத்தில் எழுநூறு டாலர் கடனும் அடைந்தது. சிறிது காலம் கழித்துத் தம் கணவரைத் தொழிலில் பங்காளியாகச் சேர்த்துக்கொண்டதாக அம்மையாரே பின்னாளில் கூறினார். கணவர் மனைவியைச் சேர்த்துக்கொண்டதாக அல்ல, தோழர்களே. மனைவி கணவரைச் சேர்த்துக்கொண்டதாக!

வாரத்துக்கு இருபத்தைந்து டாலர் கொடுத்து எழுபத்தைந்து முதல் இருநூறு பேர் வரை அந்த விடுதியில் உண்டனர். வங்கி இல்லாத ஊர். சுரங்கக்காரர் தம் பொன்தூளைப் பைகளில் கட்டி, அம்மையாரிடமே ஒப்படைத்துச் சென்றனர். அவர் அவற்றைப் பால் சட்டிகளில் நிரப்பி, ரொட்டி சுடும் அடுப்புக்குள் வைத்துக் கதவைச் சாத்தினாராம். அடுப்படி அன்று கருவூலமாயிற்று. அம்மையார் வட்டிக்குக் கடனும் கொடுத்தார், சமையற்காரி வங்கியாளரானார்.

1851இல் தீப்பற்றி ஊரே எரிந்தது, விடுதியும் எரிந்தது. கையில் மிஞ்சியது ஐந்நூறு டாலர். குடும்பம் வாக்கா பள்ளத்தாக்குக்குப் போயிற்று, அங்கேயும் அம்மையார் அடுப்பு மூட்டினார், விடுதி எழுந்தது. 1881இல் தம் வாழ்க்கையை அவர் சொல்ல, மகள் எழுதிவைத்தார். அதனால் இத்தனையும் நமக்குத் தெரிகிறது. எழுதிவைக்க மகள் வாய்க்காத பெண்கள் எத்தனை ஆயிரமோ!

இன்னொரு பெண். அவர் எழுதிய கடிதம் மட்டும் கிடைத்திருக்கிறது. பழம் பொதிந்து சுடும் பை என்னும் பண்டம் செய்து விற்றவர். பதினெட்டாயிரம் டாலர் மதிப்புக்குப் பை சுட்டதாகவும், அதில் மூன்றில் ஒரு பங்கு இலாபம் என்றும் கணக்குச் சொல்கிறார். அவற்றில் பதினோராயிரம் டாலர் மதிப்புள்ளவற்றை ஒரே ஒரு சிறிய இரும்புச் சட்டியில் சுட்டார். விறகை மலையிலிருந்து தாமே இழுத்து வந்தார், தாமே பிளந்தார், ஓடி உதவ ஒரு சிறுவன்கூட இல்லை. மலையைக் குடைந்த ஆடவர் பலர் வெறுங்கையோடு ஊர் திரும்பினர். மாவைப் பிசைந்த இவர் கணக்கு எழுதினார்.

மெயின் மாநிலத்தில் பிள்ளைகளை விட்டுவிட்டு, மருத்துவரான கணவருடன் பனாமா வழியே வந்தவர் மேரி ஜேன் மெக்குவியர். சான் பிரான்சிஸ்கோவில் தங்கும் விடுதி நடத்தினார். அவர் 1850இல் எழுதிய கடிதத்தில் ஒரு நாளின் வேலையை அடுக்குகிறார். காலையில் எழுந்து காப்பி, ரொட்டி, கிழங்கு வறுவல், மூன்று பவுண்டு இறைச்சி, அதே அளவு ஈரல். பகல் இரண்டு மணிக்குச் சூப்பும் வகை வகையாக இறைச்சியும். மாலை ஆறு மணிக்குத் தேநீரும் பலகாரமும். இடையிலே ஆறு படுக்கைகளைச் சீர்செய்வது, துணி துவைப்பது, பெட்டி போடுவது. படிக்கும்போதே நமக்கு மூச்சு வாங்குகிறது. இந்தப் பட்டியலைப் படித்துவிட்டு, வீட்டிலிருக்கும் பெண் சும்மா இருக்கிறாள் என்று சொல்லும் துணிவு எவனுக்கு வரும்?

துவைத்தலும் அங்கே பொன்னாயிற்று. அழுக்குத் துணியைக் கப்பலேற்றி அவாய்த் தீவுகளுக்கும் சீனத்துக்கும் அனுப்பி வெளுத்து வாங்கியவர்களும் உண்டு! சான் பிரான்சிஸ்கோவில் ஒரு நீர்நிலைக்கு வண்ணாத்தி ஏரி என்னும் பொருள்படும் பெயரே நிலைத்தது.

இந்த இடத்தில் நாம் நின்று சிந்திக்க வேண்டும். சமையலறை தெய்வம் குடியிருக்கும் இடம், அன்னமிடும் கை அன்னபூரணியின் கை, அதற்கு விலை பேசலாமா என்று பேசுவோர் உண்டு. புனிதம் என்ற போர்வையைப் போர்த்திவிட்டால் கூலி கேட்க வாய் எழாது என்பது அவர்கள் கண்ட சூழ்ச்சி. கலிபோர்னியாவில் அந்தப் போர்வை கிழிந்தது. அங்கே பெண்ணுக்குத் தெய்வம் கண் திறந்துவிடவில்லை. ஆடவர் பலர், பெண்டிர் சிலர். தேவை மிகுதி, அளிப்போர் குறைவு. ஆகவே அந்த உழைப்பின் விலை வெளியே தெரிந்தது. விலை அன்று பிறக்கவில்லை, என்றும் இருந்தது. அன்றுதான் மறைக்க முடியாமற் போயிற்று.

சரி, உழைப்புக்குக் காசு கிடைத்தது. காசு யாருடையது?

ஷெர்லி என்ற புனைபெயரில் லூயிசா கிளாப் என்னும் அம்மையார் 1851, 1852ஆம் ஆண்டுகளில் ஃபெதர் ஆற்றங்கரைச் சுரங்கக் குடியிருப்புகளிலிருந்து இருபத்து மூன்று கடிதங்கள் எழுதினார். அதிலே ஒரு செய்தி. துணி துவைத்தே ஒன்பது வாரத்தில் தொள்ளாயிரம் டாலர் ஈட்டிய ஒரு மனைவியை, ஆடவன் ஒருவன் வானளாவப் புகழ்கிறான். எப்படிப் புகழ்கிறான்? அவள் தன் கணவனுக்குச் சம்பாதித்துக் கொடுத்தாளாம். மனைவியென்றால் அவளல்லவா மனைவியாம்! கை வெந்தது அவளுக்கு. பை நிறைந்தது அவனுக்கு. பாராட்டு மட்டும் இருவருக்கும் பொது.

இங்கேதான் சட்டம் வருகிறது. 1849 செப்டம்பரில் மான்டெரே நகரில் கலிபோர்னியாவின் அரசியலமைப்பை வகுக்க நாற்பத்தெட்டுப் பேர் கூடினர். அத்தனை பேரும் ஆடவர். திருமணத்துக்கு முன் பெண்ணுக்கிருந்த சொத்தும், பின்னர்க் கொடையாகவோ மரபுரிமையாகவோ வரும் சொத்தும் அவளுடைய தனிச்சொத்தாகவே இருக்க வேண்டும் என்னும் விதி விவாதத்துக்கு வந்தது. எதிர்த்தார் பாட்ஸ் என்னும் உறுப்பினர். இயற்கையின் கடவுள் பெண்ணை மெலிந்தவளாக, சார்ந்து வாழ்பவளாகப் படைத்தார் என்றார். உலகில் தாம் ஆதரிக்கும் ஒரே கொடுங்கோன்மை கணவனின் கொடுங்கோன்மைதான் என்றார். பார்த்தீர்களா! பெண்ணின் பெட்டியைப் பூட்டக் கணவனுக்குச் சாவி தேவைப்பட்டால், அதைக் கடவுளின் கையிலிருந்துதான் எடுத்துத் தருகிறார்கள். எந்த நாட்டிலும், எந்த மதத்திலும்.

ஆதரித்துப் பேசியவர் ஹாலெக். அவருடைய காரணமும் பெண்ணின் உரிமை பற்றியதன்று. தாம் மணமாகாதவர், இந்த விதி இருந்தால் செல்வமுள்ள பெண்கள் கலிபோர்னியாவைத் தேடி வருவார்கள், ஆகவே மணமாகாத உறுப்பினர்கள் எல்லாரும் இதற்கு வாக்களிக்க வேண்டும் என்றார். சிரித்துக்கொண்டே நிறைவேற்றினர். நீதிக்காக அல்ல, தேவைக்காக.

இந்த விதியும் அவர்கள் புதிதாகக் கண்டுபிடித்ததன்று. மெக்சிகோவின் ஆட்சியில் அந்த மண்ணில் இருந்த ஸ்பானிய மரபுச் சட்டத்தின் தொடர்ச்சி. அச்சட்டத்தின் கீழ்தான், தங்கம் தென்படுவதற்கு முன்பே, ஹுவானா பிரியோனெஸ் என்னும் பெண் கொடுமைக்காரக் கணவனைப் பிரிந்து, பாலும் காய்கறியும் விற்று, 1844இல் பெரும்பண்ணை ஒன்றைத் தம் பெயரிலேயே வாங்கினார். அமெரிக்கர் வந்து 1851இல் நிலவுரிமையை மெய்ப்பிக்கச் சட்டம் போட்டபோதும், எழுத்தறியாத அவர் வழக்காடித் தம் நிலத்தைக் காத்துக்கொண்டார்.

ஆனால் புதிய மாநிலம் ஒரு கையால் கொடுத்ததை மறுகையால் பற்றிக்கொண்டது. 1850ஆம் ஆண்டுச் சட்டம், மனைவியின் தனிச்சொத்தையும் நிருவகிக்கும் அதிகாரத்தைக் கணவனிடமே ஒப்படைத்தது. மணவாழ்வில் மனைவி உழைத்து ஈட்டிய பணமோ பொதுச்சொத்து. அதன் ஆட்சியும் கணவனுக்கே. சொத்து அவளுடையது, சாவி அவனுடையது! 1852இல் தனி வணிகர் சட்டம் வந்தது. தன் பெயரில் தொழில் நடத்தப்போவதாக முறைப்படி அறிவித்துப் பதிவு செய்யும் மனைவி, வரும் இலாபத்தைத் தானே வைத்துக்கொள்ளலாம். விடுதி நடத்தியவரும், தையல் கடை வைத்தவரும், குடிகாரக் கணவனிடமிருந்து தம் சட்டியையும் சம்பாத்தியத்தையும் காக்க விரும்பியவரும் பற்றிக்கொள்ள ஒரு கொம்பு கிடைத்தது. 1851ஆம் ஆண்டு மணவிலக்குச் சட்டம் கொடுமை, கைவிடல், குடிப்பழக்கம் ஆகியவற்றுக்காகப் பிரிந்து போகவும் வழி செய்தது.

இவ்வளவையும் பாராட்டிவிட்டு எழுந்து போய்விட நம்மால் முடியவில்லை. யாருக்கு இந்தப் பொன்னாடு பொன்னாடாக இருந்தது என்று கேட்காமல் விட்டால், நாமும் அந்தப் பழைய வரலாற்றாசிரியர்களின் வரிசையில் சேர்ந்துவிடுவோம்.

கொலோமா யாருடைய மண்? நிசெனான் மக்களின் மண். தொடக்கத்தில் அந்தப் பழங்குடிப் பெண்கள் தாம் நெருக்கமாகப் பின்னிய கூடைகளாலேயே பொன்மணலை அரித்தனர். ஓரிரு ஆண்டுகளில் அவர்களைத் துரத்தினர். 1850இல் பழங்குடியினரின் "பாதுகாப்பு" என்ற பெயரில் ஒரு சட்டம் வந்தது; அவர்களுடைய பிள்ளைகளைப் பிடித்து வேலைக்கு வைத்துக்கொள்ள அது வழி திறந்தது. பெண்களும் சிறுவர்களும் கடத்தப்பட்டு விற்கப்பட்டனர். தங்கம் தென்பட்ட காலத்தில் ஏறத்தாழ ஒன்றரை இலட்சமாக இருந்த பழங்குடி மக்கள், 1870 அளவில் முப்பதாயிரமாகச் சுருங்கினர். 2019இல் கலிபோர்னியாவின் ஆளுநர் இதற்கு மன்னிப்புக் கேட்டார். மாண்டவர் மீளவில்லை.

மெக்சிகோப் பெண் ஹோசெஃபா. 1851 ஜூலையில் டவுனிவில் என்னும் சுரங்க ஊரில், விடுதலை நாள் கொண்டாட்டத்தின் இரவில் தன் வீட்டுக் கதவை உடைத்தவனை மறுநாள் கத்தியால் குத்தினாள், அவன் இறந்தான். கூட்டமே நீதிமன்றமாயிற்று; அன்றே அவளைத் தூக்கிலிட்டனர். பெண் அரிது, பெண் அரிது என்று பத்து டாலருக்கு ரொட்டி வாங்கிய அதே ஆடவர் உலகம்தான்!

சீனத்திலிருந்து சிறுமியரை விலைக்கு வாங்கிக் கொணர்ந்து, சான் பிரான்சிஸ்கோவில் உடலை விற்க வைத்தனர். அவர்களும் பெரும்பொருள் ஈட்டினர், எசமானர்களுக்கு.

கருப்பினப் பெண் பிடி மேசன். 1818இல் அடிமையாகப் பிறந்தவர். எசமானனின் வண்டிகளுக்குப் பின்னே ஆயிரம் மைலுக்கும் மேல் நடந்து, 1851இல் கலிபோர்னியா சேர்ந்தார். அடிமைமுறையைத் தடுத்த மாநிலம் அது. ஆனால் வெள்ளையருக்கு எதிராகக் கருப்பர் சாட்சி சொல்ல முடியாத மாநிலமும் அதுவே. எசமானன் அவரை டெக்சாசுக்குக் கொண்டுபோக முயன்றபோது வழக்கு எழுந்தது. நீதிபதி அவருடைய வாக்குமூலத்தைத் தம் தனியறையில் கேட்க வேண்டியிருந்தது. 1856இல் அவரும் அவர் மகள்மாரும் உள்ளிட்ட பதினான்கு பேர் விடுதலை பெற்றனர். மருத்துவச்சியாக உழைத்து, 1866இல் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் இருநூற்றைம்பது டாலருக்கு நிலம் வாங்கினார். 1891இல் மறைந்தபோது நகரின் செல்வர்களுள் ஒருவர். ஏழையருக்கு வாரி வழங்கியவர். ஒருவர் வென்றார் என்பது உண்மை. வெல்வதற்கு எத்தனை வேலிகளைத் தாண்ட வேண்டியிருந்தது என்பதே வரலாறு.

பிறகு என்ன நடந்தது? ஆற்றுமணலில் எளிதாகக் கிடைத்த பொன் தீர்ந்தது. 1869இல் கண்டத்தின் குறுக்கே இரயில் ஓடிற்று. குடும்பங்கள் பெருகின, பெண்கள் பெருகினர், பத்து டாலர் ரொட்டி மறைந்தது. சமையல் மீண்டும் கடமையாயிற்று. லூசினாவின் கணவர் 1872இல் அவரை விட்டுப் போனார். கலிபோர்னியாப் பெண்ணுக்கு வாக்குரிமை கிடைத்தது 1911இல். மணவாழ்வின் பொதுச்சொத்தைக் கணவனுக்குச் சமமாக நிருவகிக்கும் உரிமை கிடைத்தது 1975இல்! இரும்புச் சட்டியில் பதினோராயிரம் டாலர் சுட்டெடுத்த கை, பேரேட்டைத் திறக்க நூற்றிருபது ஆண்டுகளுக்கு மேல் காத்திருந்தது.

பாடம் இதுதான். பெண் அரிதாக இருந்ததால் கிடைத்த மதிப்பு, பெண் பெருகியதும் போயிற்று. பற்றாக்குறை தரும் சலுகை பற்றாக்குறையோடு போகும். ஏட்டில் ஏறிய உரிமைதான் நிலைக்கும். அந்த உரிமையும் கேட்டு, போராடி, ஒவ்வொரு சொல்லாகத்தான் ஏடேறும். இதை அறிந்ததால்தான் 1929இல் செங்கற்பட்டில் கூடிய சுயமரியாதை மாநாடு, பெண்ணுக்குப் பாராட்டுத் தீர்மானம் போடவில்லை. சொத்தில் சம உரிமை என்று தீர்மானம் போட்டது. அது தமிழ்நாட்டில் சட்டமாக 1989 வரை அறுபது ஆண்டுகள் ஆயின.

தோழர்களே, இன்றிரவு உங்கள் இல்லத்தில் உணவு பரிமாறப்படும்போது அந்தச் சுரங்கக்காரனை நினைத்துக்கொள்ளுங்கள். அவன் பொற்காசை நீட்டினான். ரொட்டியின் விலையை அறிந்தான். நாம் எதை நீட்டப்போகிறோம்? அம்மாவின் பெயரில் வீட்டுப் பத்திரம் இருக்கிறதா? தங்கையின் பங்கு தங்கையிடம் சேர்ந்ததா? மனைவி ஈட்டும் சம்பளம் யார் கையில் இருக்கிறது? இந்த மூன்று கேள்விகளுக்கும் நாணாமல் விடை சொல்ல முடிந்தவனே பெண்ணுரிமை பேசத் தக்கவன்.